அரங்கு கலைந்தபின் அரங்கேறிய ஆட்டம்



ஒரு நூலின் வரலாறு, ஆசிரியன் எழுத்தாணியைக் கீழே வைத்ததோடு முடிந்துவிடுவதில்லை. அந்நூல் அவையேற வேண்டும். அவையில் இருப்போர் கேட்க வேண்டும். கேட்டோர் தலையசைக்கவோ முகஞ்சுளிக்கவோ வேண்டும். இதனை நன்கறிந்தவர்கள் நம் இலக்கண நூலார். நூலின் பாயிரத்திலே ஆக்கியோன் பெயரைக் கூறுவதோடு அமையாது, கேட்போர் யார், எக்காலத்தில் எக்களத்தில் அரங்கேறியது என்பவற்றையும் கூறவேண்டும் என்று அவர்கள் வகுத்தனர். படைப்பும் அதன் ஏற்பும் ஒரே வரலாற்றின் இரு பாதிகள் என்பதே அதன் உட்கிடை.

அரங்கேறிய ஆக்கம் ஒன்று தோற்பதற்குப் பொதுவாக இரண்டு காரணங்கள் சொல்லப்படும். ஆக்கம் தரமற்றதாய் இருத்தல் ஒன்று. அவையோர் அதன் அருமை அறியாதவராய் இருத்தல் மற்றொன்று. மூன்றாவது காரணம் ஒன்றும் உண்டு. ஆக்கம் நல்லது, அதனை அனுபவிக்கக் கூடியவர்களும் இருக்கின்றார்கள், ஆனால், அரங்கேறும் வேளையில் அரங்கே கலைந்துகொண்டிருக்கின்றது. இந்த மூன்றாவது வகைக்கு நான் அறிந்த மிகத் தெளிவான உதாரணம் நூலுலகில் இல்லை. 1984 ஆம் ஆண்டு அமெரிக்காவில் வெளியான ஒரு வீடியோ விளையாட்டே அவ்வுதாரணம். 'பிட்போல் இரண்டு: காணாமற்போன குகைகள்' என்பது அதன் பெயர். பிட்போல் என்றால் வழிப்போக்கனை விழுத்தும் மறைகுழி என்று பொருள் கொள்ளலாம்.

தமிழாசிரியன் ஒருவன் இத்தகைய பொருளை எடுத்துப் பேசுவது சிலருக்கு வியப்பாக இருத்தல் கூடும். ஆயினும் இதுவும் ஒருவர் இருந்து ஆக்கிய ஆக்கமே. இதற்கும் ஆசிரியர் உண்டு, யாப்பு உண்டு, கேட்போர் உண்டு. முதலில் அதன் யாப்பைப் பார்ப்போம்.

1977 ஆம் ஆண்டு அட்டாரி என்னும் அமெரிக்கக் கம்பனி, வீட்டுத் தொலைக்காட்சியோடு இணைத்து விளையாடும் பெட்டி ஒன்றை விற்பனைக்கு விட்டது. பின்னாளில் 'அட்டாரி 2600' என்று வழங்கிய இப்பெட்டியில் ஒவ்வொரு விளையாட்டும் தனித்தனிக் காட்றிஜ்களாகச் செருகப்பட்டது. பெட்டியின் தற்காலிக நினைவகம் வெறும் 128 பைற். நான் இப்போது பேசிய இரண்டு வாக்கியங்களை எழுத்தெழுத்தாக எழுதி வைப்பதற்கும் அது போதாது. காட்றிஜுக்குள் இருந்த விளையாட்டோ, இடையில் மாற்றிப் படிக்கும் உபாயங்கள் இல்லாவிடின், 4 கிலோபைற்றுக்குள் அடங்க வேண்டும்.

இதைவிடக் கடினமான கட்டுப்பாடு வேறொன்று. ஒரு முழுப் படத்தையும் நினைவில் வைத்திருக்க அப்பெட்டியில் இடமில்லை. தொலைக்காட்சித் திரையில் படம் மேலிருந்து கீழாகக் கோடு கோடாக வரையப்படுகின்றது அல்லவா? அந்த ஒவ்வொரு கோடும் வரையப்படும் அக்கணத்திலேயே அதற்கு வேண்டியதை விளையாட்டின் நிரல் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு கோட்டுக்குக் கிடைப்பது பெட்டியின் 76 துடிப்புகள் மாத்திரம். ஒரு துடிப்புப் பிந்தினாலும் படம் சிதையும். வெண்பா எழுதப் பழகியவர்களுக்கு இந்த நெருக்கடி விளங்கும். சொல்ல வந்ததைச் சொல்லவும் வேண்டும், தளை தட்டவும் கூடாது.

அடுத்து ஆசிரியரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அட்டாரிக் கம்பனி தன் விளையாட்டுகளில் ஆக்கியோன் பெயரை இடுவதில்லை. பெட்டியின் மேல் கம்பனியின் பெயர் மட்டுமே இருக்கும். 1970களின் இறுதியில் அங்கு வேலை செய்த டேவிட் கிரேன், அலன் மில்லர், பொப் வைட்ஹெட், லரி கப்லன் ஆகிய நால்வரும் இதனையிட்டு மனக்குறை கொண்டனர். ஒரே ஆண்டில் கம்பனி விற்ற ஏறத்தாழ 10 கோடி டொலர் பெறுமதியான விளையாட்டுகளில் 6 கோடி டொலருக்கு உரியவை தம் நால்வர் ஆக்கிய விளையாட்டுகளே என்று அவர்கள் கணக்குப் பார்த்துக்கொண்டதாகக் கிரேன் பின்னாளில் கூறியிருக்கின்றார். பெயரும் உரிய பங்கும் கேட்டு நிருவாகத்திடம் போனபோது, தொழிற்சாலையில் காட்றிஜைப் பொருத்துவோரைவிட நீங்கள் முக்கியமானவர்கள் அல்லர் என்ற கருத்துப்படப் பதில் வந்ததாம்.

1979 ஆம் ஆண்டு அவர்கள் வெளியேறி, ஜிம் லெவி என்பவரோடு சேர்ந்து அக்டிவிஷன் என்ற கம்பனியைத் தொடங்கினர். ஒருவர் செய்த பெட்டிக்கு இன்னொருவர் விளையாட்டு ஆக்கி விற்கும் வழக்கம் அதிலிருந்தே தொடங்கிற்று. அக்டிவிஷன் வெளியீடுகளில் ஆக்கியோன் பெயர் இடப்பட்டது. கூடவரும் கைந்நூலில் அவர் நேராகப் பேசி, விளையாடுவோருக்குச் சில உபாயங்களையும் சொல்லிக் கொடுத்தார். முகமற்றிருந்த ஒரு தொழிலுக்கு ஆசிரியர் என்ற நிலை இவ்வாறு கிடைத்தது. பெயரிட்டு எழுதுபவன் தன் பெயருக்குப் பொறுப்பாளி ஆகின்றான். இந்தப் பொறுப்பை மனத்திற் கொண்டால்தான் பின்னர் கிரேன் செய்த காரியம் விளங்கும்.

இனி, இவ்விளையாட்டு எந்த மரபைச் சேர்ந்தது என்று பார்ப்போம். ஓடியும் தாவியும் ஏறியும் இறங்கியும் ஒரு சிறு மனிதவுரு தட்டுக்குத் தட்டுச் செல்வதே இம்மரபின் இலக்கணம். இதனைத் தாவல் விளையாட்டு என்று நாம் அழைக்கலாம். ஜப்பானின் யுனிவேர்சல் கம்பனி 1980 இல் வெளியிட்ட 'ஸ்பேஸ் பனிக்' இவ்வகையின் முதல் விளையாட்டு என்று பலராலும் கூறப்படுகின்றது. அதில் ஏணிகள் உண்டு, தாவுதல் இல்லை. 1981 இல் நின்ரென்டோவின் 'டொங்கி கொங்' தாவுதலையும் சேர்த்தது. இவை கடைகளிலும் கேளிக்கைக் கூடங்களிலும் நாணயம் போட்டு விளையாடும் இயந்திரங்கள். வீட்டுப் பெட்டியில் இம்மரபை நிலைநாட்டிய ஆக்கங்களுள் முதன்மையானது கிரேன் 1982 இல் வெளியிட்ட 'பிட்போல்'.

அதில் ஹாரி என்பவன் காட்டினூடே ஓடுகின்றான். கொடியைப் பிடித்து ஊசலாடிக் குளம் கடக்கின்றான். முதலைகளின் தலைமேற் கால்வைத்துத் தாவுகின்றான். 20 நிமிடத்துள் 32 புதையல்களைச் சேர்க்க வேண்டும். அவனுக்கு உயிர்கள் மூன்று. மொத்தம் 255 காட்சிகள். இத்தனை காட்சிகளையும் கிரேன் ஒவ்வொன்றாக வரைந்து வைக்கவில்லை; வரைந்து வைக்க இடமும் இல்லை. ஓர் எண்ணிலிருந்து அடுத்த எண்ணைப் பிறப்பிக்கும் சிறு சூத்திரம் ஒன்றை அமைத்து, ஒவ்வோர் எண்ணிலிருந்தும் ஒரு காட்சியை விரித்தார். வலப்புறம் ஓடினால் சூத்திரம் முன்னோக்கிச் செல்லும். இடப்புறம் திரும்பினால் பின்னோக்கிச் செல்லும். சுருங்கச் சொல்லி விளங்க வைத்தல் என்பதற்கு இதனினும் பொருத்தமான உதாரணம் கிடைப்பது அரிது.

அந்த முதற் பாகம் பெற்ற வரவேற்பு மிகப் பெரிது. நாற்பது இலட்சத்துக்கு மேற்பட்ட பிரதிகள் விற்றன. 20,000 புள்ளிகளுக்கு மேல் எடுத்தவர்கள் தம் தொலைக்காட்சித் திரையைப் புகைப்படம் பிடித்துத் தபாலில் அனுப்பினால், கம்பனி அவர்களுக்குச் சட்டையில் தைத்துக்கொள்ளும் துணிச் சின்னம் ஒன்றை அனுப்பிவைத்தது. வாசகர் கடிதத்துக்கு ஆசிரியர் பதில் எழுதுவது போன்ற உறவு அது. 1983 இல் சி.பி.எஸ். தொலைக்காட்சி, சனிக்கிழமைக் காலைச் சித்திரத் தொடர் ஒன்றில் ஹாரிக்கும் இடம் கொடுத்தது. அத்தொடர் அவனுக்கு ரொண்டா என்ற பெறாமகளையும், குயிக்குளோ என்ற பயந்த சுபாவமுள்ள மலைச்சிங்கம் ஒன்றையும் கற்பித்துக் கொடுத்தது.

இவ்வளவு புகழ் பெற்ற ஓர் ஆக்கத்தின் இரண்டாம் பாகத்தை எழுதுவது இலகு என்று நாம் நினைப்போம். காட்டின் நிறத்தை மாற்றி, முதலைக்குப் பதில் வேறொரு மிருகத்தை வைத்து வெளியிட்டிருந்தாலும் விற்றிருக்கும். கிரேன் அவ்வாறு செய்யவில்லை. பழைய பெட்டியின் எல்லைகளை முதற் பாகத்திலேயே தொட்டுவிட்டவர் அவர். ஆதலால், அந்தப் பெட்டிக்குத் துணையாகக் காட்றிஜுக்குள்ளேயே வைக்கக்கூடிய ஒரு சில்லைத் தாமே வடிவமைத்தார். காட்சித் தரவுகளை எடுத்துக் கொடுக்கும் வேலையை அச்சில்லு ஏற்றுக்கொண்டது. பெட்டிக்குச் சற்று மூச்சு விட நேரம் கிடைத்தது. இரண்டு ஒலித்தடங்களே உடைய பெட்டியில், அச்சில்லின் துணையால் பல குரல்கள் சேர்ந்த இசை ஒலித்தது. அதற்குக் காப்புரிமையும் பெறப்பட்டது. ஏழு வயதான ஒரு பெட்டிக்கு இன்னும் சில ஆண்டுகள் ஆயுள் கொடுக்கலாம் என்பதே அவர் நம்பிக்கை.

கதை தென் அமெரிக்காவின் பெரு நாட்டு நிலக்கீழ்க் குகைகளில் நிகழ்கின்றது. ரொண்டாவையும் குயிக்குளோவையும் மீட்க வேண்டும். 'ராஜ்' என்னும் பெயருடைய வைரத்தையும் எடுக்க வேண்டும். வழியெங்கும் பொற்பாளங்கள், ஒவ்வொன்றுக்கும் 5,000 புள்ளிகள். வௌவால்களும் பெருங்கழுகுகளும் குறுக்கே பறக்கின்றன, தேள்கள் ஊர்கின்றன, நீரில் மின்விலாங்குகள் நீந்துகின்றன, ஏணி வாயில்களில் தவளைகள் இங்குமங்கும் பாய்கின்றன. முதற் பாகம் இடமும் வலமுமாய்க் கிடந்த காடு. இதுவோ கீழ்நோக்கித் தட்டுத் தட்டாக இறங்கும் ஓர் உலகம். ஓரிடத்தில் வாயுக்கூண்டைப் பிடித்துக்கொண்டு ஹாரி மேலே மிதந்து செல்லவும் முடியும்.

இதன் தொடக்கத்திலே ஒரு நயம் உண்டு. ஹாரி நிற்கும் நிலத்துக்குச் சற்றுக் கீழே, முதற் காட்சியிலேயே, குயிக்குளோ நிற்பது கண்ணுக்குத் தெரிகின்றது. இடையில் ஒரு தட்டுத்தான். ஆனால், அங்கே போக வழி இல்லை. குகை முழுவதையும் சுற்றி, அடி காணும்வரை இறங்கி, மீண்டும் ஏறி வந்த பின்னரே அந்த மிருகத்தின் அருகிற் செல்ல முடியும். முடிவைத் தொடக்கத்திலேயே காட்டிவிட்டு, அதற்கும் நமக்கும் நடுவே ஒரு முழுப் பயணத்தை வைக்கும் இந்த உத்தி, கதை சொல்லும் கலையில் தேர்ந்தவர்களின் உத்தியாகும்.

இசையும் கதையோடு சேர்ந்தே நடக்கின்றது. பொற்பாளம் கிடைத்தால் எழுச்சியான மெட்டு. அடிபட்டால் அதுவே சோக சாயலுக்கு மாறுகின்றது. நெடுநேரம் ஒன்றும் கிடைக்காவிடின் உற்சாகம் தணிகின்றது. வாயுக்கூண்டில் மிதக்கும்போது, மெக்சிக்கோ நாட்டு இசையாளர் ஹுவென்ரினோ றோசாஸ் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமைத்த 'அலைகளின் மீது' என்ற புகழ் பெற்ற வால்ஸ் இசை ஒலிக்கின்றது.

இவை எல்லாவற்றிலும் பெரிது என்று நான் கருதுவது ஒன்றுண்டு. இவ்விளையாட்டில் சாவு இல்லை. முதற் பாகத்தின் மூன்று உயிர்களும் இருபது நிமிடக் கெடுவும் இதில் எடுக்கப்பட்டுவிட்டன. குகையில் ஆங்காங்கே சிவப்புச் சிலுவைக் குறிகள் உள. வௌவாலோ தேளோ தீண்டினால் ஹாரி இறப்பதில்லை. கடைசியாகத் தொட்ட சிலுவைக்கு மிதந்து திரும்புகின்றான். அவன் திரும்பும் தூரமெல்லாம் புள்ளிகள் குறைந்துகொண்டே வருகின்றன. சோக மெட்டு ஒலிக்கின்றது. பிறகு அவன் எழுந்து மீண்டும் நடக்கலாம்.

கல்லூரிக் கணனி அறையில் மாணவர் சிலர் இதனை இயக்கிக் காட்டியபோது நானும் விசைப்பலகையில் விரல் வைத்துப் பார்த்தேன். ஒரே வௌவாலிடம் ஐந்து முறை அடிபட்டேன். ஐந்து முறையும் சிலுவைக்குத் திரும்பினேன். "சேர், இது உங்களைத் துரத்திவிடாது, நீங்களாக எழும்பினால்தான் முடியும்" என்றான் ஒரு மாணவன். அந்த விளையாட்டைப் பற்றி நான் கேட்ட மிகச் சரியான விமர்சனம் அது.

இதன் அருமையை அறிய, மூன்று உயிர் என்ற வழக்கம் எங்கிருந்து வந்தது என்று அறிதல் வேண்டும். நாணயம் போடும் இயந்திரம் நெடுநேரம் ஒருவருக்கே இடங்கொடுத்தால் கடைக்காரனுக்கு நட்டம். விளையாடுபவர் சில நிமிடங்களில் தோற்க வேண்டும். தோற்றவர் அடுத்த நாணயத்தைப் போட வேண்டும். உயிர்க்கணக்கு என்பது உண்மையில் நாணயக் கணக்கே. வீட்டுப் பெட்டியில் நாணயம் போடும் துளை இல்லை. காட்றிஜின் விலை கடையிலேயே கொடுக்கப்பட்டாயிற்று. இருந்தும் வீட்டு விளையாட்டுகளும் மூன்று உயிர் என்ற வழக்கத்தையே பின்பற்றின. காரணம் போன பின்னும் காரியம் நின்றது. கிரேன் அந்த வழக்கத்தை நிறுத்தினார். தவறுக்குத் தண்டனை உண்டு. ஆனால் அது வெளியேற்றம் அன்று, பின்னடைவு. கற்பிக்கும் தொழிலில் இருபது ஆண்டுகள் கழித்தவன் என்ற முறையில், இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டை நான் சிறிதென்று கொள்ளமாட்டேன்.

ஆக்கத்தின் கதை இது. இனி அரங்கின் கதைக்கு வருவோம். 1982 இன் பிற்பகுதியிலிருந்தே அமெரிக்க வீடியோ விளையாட்டுச் சந்தை தளரத் தொடங்கியிருந்தது. அக்டிவிஷனின் வெற்றியைக் கண்டு, விளையாட்டைப் பற்றி ஒன்றும் அறியாத கம்பனிகளும் காட்றிஜ் செய்ய இறங்கின. கடைத்தட்டுகள் நிரம்பி வழிந்தன. அட்டாரி, ஹொலிவூட் திரைப்படமான 'ஈ.ரி.'யை விளையாட்டாக்கும் பணியை ஓர் ஆக்கியோனிடம் கொடுத்து, ஏறத்தாழ ஐந்து வாரத்தில் முடிக்கச் செய்து, பல இலட்சம் பிரதிகளைப் பெருக்கியது. அவற்றுட் பெரும்பகுதி விற்கவில்லை. 1983 செப்ரெம்பரில் விற்பனையாகாத சரக்குகள் பார வண்டிகளில் ஏற்றப்பட்டு, நியூ மெக்சிக்கோ மாநிலத்தின் அலமகோர்டோ என்ற ஊர்க் குப்பைமேட்டிலே புதைக்கப்பட்டன. வெறும் வதந்தி என்று சிலர் கருதிய இச்செய்தி, 2014 ஏப்ரிலில் அவ்விடம் தோண்டப்பட்டபோது உறுதியாயிற்று.

1983 ஆம் ஆண்டில் மாத்திரம் அட்டாரி 50 கோடி டொலருக்கு மேல் நட்டமடைந்தது. மூழ்கிய கம்பனிகளின் சரக்குகள் கடை வாயிலிற் கூடைகளில் ஐந்து டொலருக்கும் அதற்குக் கீழும் குவிக்கப்பட்டன. முப்பது, நாற்பது டொலர் கொடுத்துப் புதிய விளையாட்டை வாங்கும் பெற்றோர் யார்? நல்லதும் தீயதும் ஒரே கூடையிற் கிடந்தபோது, வாங்குவோருக்குத் தெரிந்த ஒரே வேறுபாடு விலை. 1983 இல் ஏறத்தாழ 320 கோடி டொலர் என்று கணிக்கப்பட்ட வருமானம், 1985 இல் 10 கோடி டொலர் அளவுக்கு வீழ்ந்தது. 1984 ஜூலையில் அட்டாரியின் வீட்டுப் பெட்டிப் பிரிவே கைமாறிற்று.

'காணாமற்போன குகைகள்' வெளிவந்தது இத்தகைய ஆண்டிலேதான். வாங்கி விளையாடியவர்கள் மெச்சினர். 99,000 புள்ளிகளைக் கடந்தவர்களுக்கு முன்போலவே துணிச் சின்னமும் காத்திருந்தது. கிடைக்கக்கூடிய முழுப்புள்ளி 199,000. ஆயினும் முதற் பாகத்தின் நாற்பது இலட்சத்தை அது நெருங்கவில்லை. நெருங்குவதற்கு வாங்குவோர் கூட்டம் எஞ்சியிருக்கவில்லை. பல விளையாட்டுகளுக்குப் பயன்படும் என்று கிரேன் எண்ணிய சில்லு, அக்காலத்தில் இந்த ஒரேயொரு விளையாட்டில் மாத்திரமே இடம்பெற்று வெளியாகியது. ஒரு மாளிகையைக் கருதி இட்ட அத்திவாரத்தின் மேல் ஓர் அறை மட்டும் எழுந்து நின்றது.

இவ்விடத்தில் என் உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி ஒருமுறை கேட்ட கேள்வியைக் குறிப்பிடுதல் தகும். "விற்காத நூலை நல்ல நூல் என்று நாம் ஏன் படிக்க வேண்டும்?" என்று அவள் கேட்டாள். குறும்புக் கேள்வி அன்று, நேர்மையான கேள்வி. அதற்கு விடை கூறுவதாயின் மூன்று விடயங்களை வேறுபடுத்த வேண்டும். ஓர் ஆக்கத்தின் தரம் ஒன்று. அதன் விற்பனை இன்னொன்று. பின்வந்தோர் மேல் அது செலுத்திய செல்வாக்கு மற்றொன்று. இவற்றுள் ஒன்றை வைத்து மற்றதை அளக்க முற்படும்போதே வரலாறு பிழைபடுகின்றது. விற்பனை என்பது பல வேளைகளில் ஆக்கத்தைப் பற்றிய செய்தி அன்று. அரங்கைப் பற்றிய செய்தி. 1984 இன் விற்பனைக் கணக்கு நமக்குச் சொல்வது, அந்த ஆண்டில் அமெரிக்கப் பெற்றோர் வீடியோ விளையாட்டின் மேல் நம்பிக்கை இழந்திருந்தனர் என்பதையே.

பின்வந்தோர் இதனை எவ்வாறு ஏற்றனர் என்பதும் கவனிக்கத்தக்கது. அட்டாரியின் 5200 என்ற பெட்டிக்கும் அதன் வீட்டுக் கணனிகளுக்கும் இதனைப் பெயர்த்த மைக் லோரன்சன், மூலத்தை முடித்தவர்களுக்கென்று இரண்டாவதாக ஒரு குகையையே சேர்த்து வைத்தார். மூலத்தின் மேல் காதல் கொண்ட உரையாசிரியர் ஒருவரின் செயல் அது. 1985 இல் ஜப்பானின் சேகா கம்பனி, இரு பாகங்களிலிருந்தும் பொருளெடுத்து, நாணயம் போடும் இயந்திரமாக ஒரு வடிவத்தை வெளியிட்டது. கூடத்திலிருந்து வீட்டுக்கு விளையாட்டுகள் பெயர்க்கப்பட்டு வந்த காலத்தில், வீட்டிலிருந்து கூடத்துக்கு ஓர் ஆக்கம் சென்றது பெருமைதான். ஆனால், நாணயத் துளை மீண்டும் வந்ததும் உயிர்க்கணக்கும் மீண்டும் வந்துவிட்டது. பின்னர் நின்ரென்டோப் பெட்டிக்கு 'சுப்பர் பிட்போல்' என்ற பெயரில் ஒன்று வந்தது. குகையும் பொன்னும் அதிலும் இருந்தன, உயிர்கள் எண்ணப்பட்டன, விமர்சகர்கள் அதனைப் பெரிதும் குறை கூறினர். கதைப்பொருளை எடுத்துக்கொண்டு அதன் உயிர்நிலையை விட்டுவிட்ட தழுவல்களுக்கு நேரும் கதியே அவற்றுக்கும் நேர்ந்தது.

1985 இல் நின்ரென்டோவின் 'சுப்பர் மரியோ பிரதர்ஸ்' வந்தது. தாவல் விளையாட்டு என்றால் உலகமே அதனை நினைக்கும் நிலை உருவாயிற்று. 1986 இல் 'மெற்றோயிட்' வந்தது. நிலத்தின் கீழ் மேலும் கீழுமாக அலைந்து தேடும் பெருவெளி என்றால் அதனையே முன்னோடி என்பர். 'காணாமற்போன குகைகள்' இவற்றுக்கு முந்தியது. முந்தியது என்பதனாலேயே இவை அதன் வழித்தோன்றல்கள் ஆகிவிடா. முதன்மை வேறு, செல்வாக்கு வேறு. கிரேனின் குகைக்கு உரிய பெருமை, பிறர் அதைப் பின்பற்றினர் என்பதன்று. பிறர் வேறு வழிகளில் வந்து சேர்ந்த இடத்தில் அது முன்னரே நின்றது என்பதே. இடையில் ஒரு நிலையிலிருந்து மீண்டும் தொடங்கலாம் என்ற வசதி, இன்று எந்தச் சிறுவனும் உரிமையாகக் கருதும் சாதாரண விடயம். 1984 இல், 128 பைற் நினைவகத்தில், அது ஒருவர் வலிந்து கொடுத்த சலுகை.

கிரேன் சோர்ந்து போகவில்லை. கணனிகளுக்காக எழுதினார், 1986 இல் அக்டிவிஷனை விட்டு விலகினார், 1989 இல் 'ஒரு சிறுவனும் அவன் குமிழும்' என்ற பொருள்படும் பெயருடைய நல்லதொரு விளையாட்டை நின்ரென்டோப் பெட்டிக்குத் தந்தார். 2010 இல் அமெரிக்காவின் இடைவினைக் கலை, அறிவியல் கழகம் தன் முதலாவது முன்னோடி விருதை அவருக்கு வழங்கியது. பழைய பெட்டிகளைப் பேணுவோரும், அவற்றைப் புதிய கணனிகளில் போலச்செய்து இயக்குவோரும் அந்தக் காட்றிஜின் உள்ளடக்கத்தை இன்றும் காத்து வருகின்றனர். அதிலிருந்த தனிச் சில்லையும் மென்பொருளாக மீட்டெழுதினாலன்றி இந்த விளையாட்டு இயங்காது. அந்த உழைப்பையும் சிலர் மேற்கொண்டனர். செல்லரித்த சுவடிகளைத் தேடித் திரிந்து, சிதைந்த எழுத்தை ஊகித்துப் பதிப்பித்தவர்களின் வழிவந்த நமக்கு, இவ்வுழைப்பின் மதிப்பை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. பழைய பெட்டியின் சிறந்த விளையாட்டுகள் எவை என்று பட்டியலிடுவோர், இப்போது பெரும்பாலும் இந்த இரண்டாம் பாகத்தையும் சேர்த்தே கூறுகின்றனர்.

நேயர்களே, இலக்கிய வரலாற்றை நாம் பெரும்பாலும் வென்றவர்களின் வரிசையாகவே எழுதிப் பழகிவிட்டோம். பதிப்புகள் பல கண்டவை, பரிசு பெற்றவை, பாடநூலில் ஏறியவை என்று ஒரு பட்டியல் நீள்கின்றது. அரங்கு கலைந்த வேளையில் வந்து சேர்ந்தவை அப்பட்டியலில் இல்லை. போர்க்காலத்தில் அச்சேறியவை, தாள் கிடைக்காத காலத்தில் நூறு பிரதிகளோடு நின்றவை, வெளியீட்டாளன் கடையை மூடிய மாதத்தில் வெளிவந்தவை எனப் பலவும் அதற்கு வெளியே கிடக்கின்றன. அவை தோற்றன என்று ஒரு சொல்லில் முடித்துவிடுதல் எளிது. தோற்றது ஆக்கமா, அரங்கா என்று கேட்பதே வரலாறு எழுதுவோனின் கடமை.

1984 இல் அமெரிக்காவில் வெளியான காட்றிஜ் ஒன்று இந்தக் கேள்வியை நம்மிடம் கேட்கின்றது. விழுந்தவனை வெளியேற்றாமல், தொட்ட குறிக்குத் திருப்பியனுப்பி, மீண்டும் நடக்கவிடும் முறை அதனுள்ளே இருந்தது. சந்தை அதற்கு அந்தச் சலுகையைக் காட்டவில்லை. கேட்போர்தாம் காட்டினர், காலம் தாழ்த்தியேனும்.